பணம் இல்லாதவரும் பணம் தராதவரும்

1979 ஜூன் 22 அன்று கேரளத்தில் ஒரு சிவில் நீதிமன்றம், கடனாளிகளைக் கைது செய்து சிவில் சிறையில் அடைக்கச் சொல்லி வாரண்ட் பிறப்பித்தது. 1972-ஆம் ஆண்டு வழக்கு ஒன்றில் பேங்க் ஆஃப் கொச்சின் அவர்கள்மீது வாங்கியிருந்த டிக்ரி, அதாவது பணம் கட்டச் சொல்லும் நீதிமன்ற ஆணை, இரண்டரை லட்சம் ரூபாய்க்கானது. அவர்கள்மேல் இருந்த வேறு இரண்டு டிக்ரிகளையும் சேர்த்தால் ஏழு லட்சத்தைத் தாண்டும். அசையாச் சொத்துகள் எல்லாம் ஏற்கனவே ஜப்தியில் இருந்தன. அவற்றை நிர்வகிக்க ரிசீவரும் போடப்பட்டிருப்பதாகச் சொல்லப்பட்டது. நிலத்தை விற்றுக் கடனைக் கட்டலாம் என்று அவர்கள் நினைத்தாலும் விற்க வழியில்லை. அப்படியிருந்தும் வாரண்ட் ஏன் என்றால், இதே டிக்ரிக்கு முன்பும் ஒருமுறை வாரண்ட் போட்டாயிற்று என்பதுதான் காரணம். உயர் நீதிமன்றம் அவர்களுடைய சீராய்வு மனுவை ஒரு சுருக்கமான உத்தரவில் தள்ளிவிட்டது. வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது.

1980 பிப்ரவரி 4-ஆம் தேதி நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யரும் நீதிபதி ஆர்.எஸ். பதக்கும் அடங்கிய அமர்வு அந்தக் கைது உத்தரவை ரத்து செய்தது. ‘ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் பேங்க் ஆஃப் கொச்சின்’ என்ற அந்தத் தீர்ப்பைச் சட்டக் கல்லூரிகளில் மனித உரிமைப் பாடமாக வைத்துவிட்டார்கள். சர்வதேச உடன்படிக்கை இந்தியச் சட்டத்துக்குள் எப்படி நுழைகிறது என்பதற்கு அது எடுத்துக்காட்டு. அந்தப் பெருமைக்கு நடுவில் ஒரு கேள்வி விடுபட்டுப்போகிறது. முன்சீப் நீதிமன்றத்தில் கைகட்டி நிற்கும் கடனாளிக்கும், டிக்ரி நகலை மஞ்சள் பையில் வைத்துக்கொண்டு வாய்தாவுக்கு வாய்தா வரும் டிக்ரிதாரருக்கும் அது உண்மையில் என்ன செய்தது? அந்தத் தீர்ப்பை எடைபோட வேண்டிய தராசு இதுதான்.

சட்டம் என்ன சொல்கிறது என்பதை முதலில் பார்த்துவிடலாம். 1908-ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 51-ஆம் பிரிவு, டிக்ரியை நிறைவேற்றும் வழிகளில் ஒன்றாகக் கைதையும் சிறையையும் வைத்திருக்கிறது. 1936-ல் அதற்கு ஒரு வரம்பு கட்டினார்கள். பணத்துக்கான டிக்ரியில் ஒருவரைச் சிறைக்கு அனுப்புவதற்கு முன் அவருக்கு விளக்கம் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும். மூன்று காரணங்களில் ஒன்றாவது இருக்கிறது என்று நீதிமன்றம் எழுத்தில் பதிவு செய்ய வேண்டும். ஒன்று, அவர் ஊரைவிட்டு ஓடப் பார்க்கிறார், அல்லது வழக்குப் போட்ட பிறகு சொத்தை மோசடியாக மாற்றியோ மறைத்தோ இருக்கிறார். இரண்டு, கடனையோ அதில் கணிசமான பங்கையோ கட்டும் வசதி அவருக்கு இப்போது இருக்கிறது, அல்லது டிக்ரிக்குப் பிறகு எப்போதாவது இருந்தது, ஆனாலும் கட்டவில்லை. மூன்று, நம்பிக்கையின் பேரில் அவர் வைத்திருந்த பணத்துக்குக் கணக்குச் சொல்ல வேண்டிய கடன் அது.

சிக்கல் முழுவதும் இரண்டாவது காரணத்தில், அதிலும் ‘எப்போதாவது இருந்தது’ என்ற சொற்களில் இருக்கிறது. எழுத்துக்கு எழுத்து படித்தால், ஆறு வருடத்துக்கு முன் கையில் காசு இருந்து, அதை வேறெதற்கோ செலவழித்து, இன்று ஒன்றுமில்லாமல் நிற்பவரையும் உள்ளே தள்ளலாம். கிருஷ்ணய்யர் இதை மனிதத்தன்மையற்ற வாசிப்பு என்று மறுத்தார். அதற்கு அவர் நாடியது இரண்டு ஆதாரங்களை. குடிமை, அரசியல் உரிமைகளுக்கான சர்வதேச உடன்படிக்கையின் 11-ஆவது ஷரத்து, ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலவில்லை என்பதற்காக மட்டும் எவரையும் சிறையில் வைக்கக் கூடாது என்கிறது. இந்தியா 1979 ஏப்ரலில்தான் அந்த உடன்படிக்கையில் சேர்ந்திருந்தது. மற்றொன்று அரசமைப்பின் 21-ஆம் ஷரத்து. 1978-ல் மேனகா காந்தி வழக்குக்குப் பிறகு, ஒருவரின் சுதந்திரத்தைப் பறிக்கும் நடைமுறை நியாயமானதாக இருந்தாக வேண்டும் என்பது நிலைபெற்றிருந்தது. உடன்படிக்கை தானாகவே உள்நாட்டுச் சட்டமாகிவிடாது என்பதை அவர் ஒப்புக்கொண்டார். சட்டத்தை ரத்து செய்யாமல், இந்த இரண்டின் வெளிச்சத்தில் அதைப் படித்தார். வெறுமனே பணம் கட்டாதது போதாது. அதற்குப் பின்னால் கெட்ட எண்ணம் இருக்க வேண்டும். கையில் பணம் இருந்தாலும் கடும் நோய்க்கான மருத்துவச் செலவு போல அதைவிட அவசரமான தேவை இருக்கிறதா என்றும் பார்க்க வேண்டும் என்றார்.

முடிவு சரி என்பதில் எனக்குத் தயக்கமில்லை. ஜப்தியான சொத்தை வைத்துக்கொண்டு ஒருவர் பணம் கட்ட மறுக்கிறார் என்று சொல்ல முடியாது. வசதி இருக்கிறதா என்று ஒரு வரிகூட விசாரிக்காமல் போட்ட வாரண்ட், 1936-ல் கட்டிய வரம்பின்படியே செல்லாது. இன்னும் சொல்லப்போனால், அந்த வாரண்டை ரத்து செய்ய உடன்படிக்கையின் துணைகூடத் தேவைப்பட்டிருக்காது. அதையும் தாண்டி ஒரு கொள்கையை நிறுவ அவர் விரும்பினார், நிறுவினார். ஏழையாக இருப்பது குற்றமில்லை என்று ஒரு நாட்டின் உச்ச நீதிமன்றம் எழுதி வைப்பது சாதாரண விஷயமில்லை. அதை எழுதாமல் விட்டிருந்தால் அடுத்த நாற்பது ஆண்டுகளில் எத்தனையோ பேர் விசாரணையின்றி உள்ளே போயிருப்பார்கள்.

ஆனால் அந்தத் தீர்ப்பின் உள்ளே ஒரு பிளவு இருக்கிறது. பாராட்டுபவர்கள் அதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். ஒரு பத்தியில், முன்பு பணம் இருந்து இப்போது இல்லாதவரைச் சிறையில் போடுவது தவறு என்கிறது. இன்னொரு பத்தியில், கடந்த காலத்தில் வேண்டுமென்றே கட்டாமல் தட்டிக் கழித்த மனப்போக்கு இருந்தாலோ, அல்லது இப்போது வசதி இருந்தாலோ போதும் என்கிறது. கடைசியில் வழக்கைத் திருப்பி அனுப்பும்போதும் இதே இரட்டைக் கேள்வியைத்தான் கீழ் நீதிமன்றத்திடம் கொடுக்கிறது: இப்போது வசதி இருக்கிறதா, அல்லது முன்பு இருந்து முறைகேடாகத் தவிர்த்தார்களா?

டிக்ரி ஆன அடுத்த வருடம் நிலத்தை விற்று வந்த பணத்தில் மகளுக்கு விமரிசையாகக் கல்யாணம் நடத்திய ஒருவரை நினைத்துப் பாருங்கள். அவர் சொத்தை மறைக்கவில்லை; ஊரறிய விற்றார், ஊரறியச் செலவழித்தார். இன்று வாடகை வீட்டில் இருக்கிறார். முதல் பத்தியின்படி அவரைத் தொடக் கூடாது. இரண்டாவது பத்தியின்படி, கடன் கொடுத்தவரை ஏமாற்றிவிட்டு மண்டபத்துக்குப் பணம் கட்டியது வேண்டுமென்றே தவிர்த்ததுதான், ஆகவே தொடலாம். இரண்டில் எது? தீர்ப்பு சொல்லவில்லை. கீழ் நீதிமன்றம் எதை எடுத்தாலும் மேற்கோள் காட்ட ஒரு வரி கிடைக்கும். கல்யாணச் செலவு நேர்மையான அவசரமா, தட்டிக் கழித்தலா என்பதை முன்சீப்பின் மனப்பாங்கு முடிவு செய்யும்படி விட்டது அந்தத் தீர்ப்பின் உண்மையான குறை. என் கருத்தில், சொத்தை மறைத்தவருக்கும் ஓடுபவருக்கும், பையில் பணம் வைத்துக்கொண்டே இல்லையென்பவருக்கும் மட்டுமே சிறையை வைத்திருக்க வேண்டும். கல்யாணம் நடத்தியவரின் செயல் டிக்ரிதாரருக்குச் செய்த அநியாயம்தான். ஆனால் மூன்று மாதம் சிறையில் இருந்தால் செலவான பணம் திரும்பி வராது. அவரைச் சிறைக்கு அனுப்பினால் அது வசூல் ஆகாது, தண்டனை ஆகிவிடும். சிவில் நீதிமன்றத்துக்குத் தண்டிக்கும் வேலை இல்லை.

இதைவிடப் பெரிய குறை ஒன்று தீர்ப்பு பேசாமல் விட்ட இடத்தில் இருக்கிறது. வசதி இருக்கிறது என்பதை யார் நிரூபிப்பது, எதைக் கொண்டு? கைது கோரும் ஒரு சாதாரண நிறைவேற்று மனு (இ.பி.) எப்படி நடக்கிறது என்று பாருங்கள். புரோநோட்டின் பேரில் இரண்டு லட்சத்துக்கு டிக்ரி. டிக்ரிதாரர் கூண்டேறி, எதிராளிக்குக் கடைவீதியில் ஜவுளிக்கடை இருக்கிறது, மாதம் முப்பதாயிரம் வருமானம் வருகிறது, சொந்த வீட்டில் இருக்கிறார் என்று சொல்வார். குறுக்கு விசாரணையில், கடை யார் பேரில் இருக்கிறது என்று கேட்டால் தெரியாது என்பார். வீட்டுக்குப் பட்டா யார் பெயரில் என்றாலும் தெரியாது. அடுத்து எதிராளி ஏறி, கடை மனைவியுடையது, நான் அங்கே உட்கார்ந்திருக்கிறேன், அவ்வளவுதான் என்பார். ஒரு தாள் இல்லை, ஒரு பாஸ்புக் இல்லை. ஒருவர் சொல்லுக்கு எதிராக இன்னொருவர் சொல். இதை வைத்துக்கொண்டு அந்த நீதிபதி, கிருஷ்ணய்யர் கேட்ட நுணுக்கமான கேள்விகளுக்கு விடை எழுத வேண்டும். ஒரு நீதிபதி ‘வசதி நிரூபிக்கப்பட்டது’ என்று எழுதுவார். அடுத்த கோர்ட்டில் அதே சாட்சியத்துக்கு ‘நிரூபிக்கப்படவில்லை’ என்று வரும். நேர்மையான ஏழை முதல் கோர்ட்டில் மாட்டிக்கொள்வார், தந்திரக்காரர் இரண்டாவது கோர்ட்டில் தப்பித்துவிடுவார்.

1980-ல் இந்த இருட்டுக்கு விளக்கு இல்லாமலில்லை. சிவில் நடைமுறைச் சட்டத்தின், 1976-ல் திருத்தப்பட்ட கட்டளை 21, விதி 41 அப்போதே இருந்தது. பணத்துக்கான டிக்ரி முப்பது நாள் நிறைவேறாமல் இருந்தால், டிக்ரிதாரர் கேட்டுக்கொண்டதன் பேரில், கடனாளி தன் சொத்து விவரங்களைப் பிரமாண வாக்குமூலமாகத் தாக்கல் செய்ய வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிடலாம். அதற்குப் படிவமே இருக்கிறது: படிவம் 16ஏ. உத்தரவை மீறினால் மூன்று மாதம் வரை சிவில் சிறை. வசதியை நிரூபிக்கும் சுமையால் டிக்ரிதாரர் திணறுவதற்கும், சொல்லுக்குச் சொல் என்ற குழப்பத்துக்கும் இதுதான் மருந்து. தன் சொத்து என்னவென்று அறிந்த ஒரே ஆள் கடனாளி. அவரிடமே கேட்பது எவருடைய சுதந்திரத்தையும் பறிக்காது. கடனைக் கட்டுவது அவர் சக்திக்கு அப்பாற்பட்டதாக இருக்கலாம். உண்மையைச் சொல்வது எந்த ஏழையின் சக்திக்கும் அப்பாற்பட்டதில்லை. ஆகவே சிறை என்ற மிரட்டலைப் பணம் கட்டாததன் மேலிருந்து எடுத்து, கணக்குக் காட்டாததன் மேல் வைப்பதே நியாயம். ஜாலி ஜார்ஜ் தீர்ப்பு கைது வாரண்டுக்கு முன் விதி 41-ஐக் கட்டாயமாக்கியிருந்தால் கொள்கையோடு அதை நடத்திக்காட்டும் கருவியும் கிடைத்திருக்கும். கொள்கை மட்டும் வந்தது.

விதி 41 ஏன் அதிகம் புழங்குவதில்லை? கைது மனு பணத்தைக் கொண்டுவருகிறது, வாக்குமூலம் தாளைக் கொண்டுவருகிறது. நீதிமன்ற ஊழியரான அமீனா வீட்டு வாசலில் வந்து நின்றால், மைத்துனர் நகையை அடகு வைப்பார், கந்துவட்டிக்காரரிடம் இன்னொரு கடன் வாங்குவார்கள், ஏதோ ஒரு தொகை கட்டப்படும். கட்டியவர் பெரும்பாலும் கடனாளி இல்லை, அவருடைய உறவினர். டிக்ரிக்குக் கட்டுப்பட்டவர் ஒருவர், விலை கொடுப்பவர் மற்றொருவர். இந்த வசூல் முறையை வெற்றி என்று எண்ணும் வக்கீல்கள் இருக்கிறார்கள் என்பது வருத்தம் தருகிறது.

டிக்ரிதாரர் பக்கத்து நியாயத்தைக் குறைத்துப் பேசவும் எனக்கு மனமில்லை. வங்கிகள் இந்தக் கதையிலிருந்து பெரும்பாலும் விலகிவிட்டன. 1993-ல் கடன் வசூல் தீர்ப்பாயங்கள் வந்தன. 2002-ல், அடமானச் சொத்தை வங்கியே நேரடியாக எடுத்துக்கொள்ள விடும் சர்ஃபேசி சட்டம் வந்தது. இருபது லட்சமும் அதற்கு மேலும் உள்ள வங்கிக் கடன்கள் இன்று தீர்ப்பாயத்துக்குப் போகின்றன. சிவில் நீதிமன்றத்தில் மிஞ்சியிருப்பவர்கள் யார்? சரக்கைக் கடனுக்குக் கொடுத்த மளிகை மொத்த வியாபாரி, சீட்டுப் பணம் வராத பெண், ஓய்வுபெற்ற பணத்தை நண்பருக்குக் கைமாற்றாகக் கொடுத்துவிட்டு நோட்டை வைத்திருக்கும் ஆசிரியர். இவர்களுக்கு டிக்ரி பன்னிரண்டு வருடம் உயிரோடிருக்கும்; அந்தப் பன்னிரண்டு வருடமும் மனு, எதிர்மனு, ஆட்சேபம் என்று போவதைப் பார்த்து அவர்கள் கொதிப்பதில் நியாயம் உண்டு. 1872-லேயே லண்டன் பிரிவி கவுன்சில், இந்திய வழக்காடியின் கஷ்டம் டிக்ரி கிடைத்த பிறகே தொடங்குகிறது என்ற பொருளில் எழுதியது.

ஆனால் அந்த வருடங்களைத் தின்பது கைதை எதிர்க்கும் மனுக்கள் இல்லை. 47-ஆம் பிரிவின் கீழ், வழக்கிலேயே பேசி முடித்த விஷயத்தை மறுபடியும் கிளறும் மனுக்கள். கட்டளை 21-ல் விதி 58-ன் கீழும் 97-க்குப் பிறகு வரும் விதிகளின் கீழும், மைத்துனரோ மகனோ திடீரென்று சொத்துக்கு உரிமை கோரி முளைப்பது. ஏலம் முடிந்த பிறகு விதி 90-ன் கீழ் முறைகேடு என்று சொல்வது. இவற்றிலும் உண்மையான குறைகள் வரத்தான் செய்கின்றன. சின்ன டிக்ரிக்காக முழு நிலத்தையும் ஏலம் விட்ட வழக்குகளில், கடனுக்குப் போதுமான பகுதியை மட்டுமே விற்க வேண்டும் என்று விதி 64-ஐச் சுட்டி உச்ச நீதிமன்றம் ஏலத்தையே ரத்து செய்திருக்கிறது. 1989-ல் அம்பட்டி நரசய்யா வழக்கு அப்படிப்பட்டது. நிலத்தையும் உடலையும் காக்கும் ஆட்சேபங்களை நீதிமன்றம் காது கொடுத்துக் கேட்க வேண்டும். டிக்ரியையே மறுவிசாரணைக்கு இழுக்கும் ஆட்சேபங்களை வாசலிலேயே நிறுத்த வேண்டும். சம்மன் வரவில்லை, ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பாகிவிட்டது என்றால் அதற்குக் கட்டளை 9, விதி 13 இருக்கிறது. வெற்று புரோநோட்டில் கையெழுத்து வாங்கி நிரப்பிக்கொண்டார்கள் என்று சொல்பவர் அதை வழக்கிலேயே சொல்லியிருக்க வேண்டும்; சம்மன் கிடைக்காமல் போயிருந்தால் முதலில் டிக்ரியை ரத்து செய்யக் கேட்க வேண்டும். அமீனா வந்த பிறகு 47-ஆம் பிரிவைப் பிடிப்பது வழியாகாது.

2021 ஏப்ரல் 22-ல் ராகுல் எஸ். ஷா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு இந்தப் பிரிவினையை ஏறத்தாழச் செய்தது. வழக்கில் கேட்கப்பட்ட அல்லது கேட்டிருக்கக்கூடிய விஷயத்தை நிறைவேற்றக் கட்டத்தில் எழுப்ப விடக் கூடாது. மூன்றாம் நபர் மனுவுக்கு இயந்திரத்தனமாக நோட்டீஸ் அனுப்பக் கூடாது. பண வழக்குகளில் எழுவினாக்கள் வகுப்பதற்கு முன்பே பிரதிவாதியிடம் சொத்து விவரத்தைப் பிரமாணத்தின் பேரில் கேட்கலாம். நிறைவேற்று மனுவை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும், முடியாவிட்டால் காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். முதல் மூன்று உத்தரவுகளும் அருமையானவை. நான்காவது எனக்குக் கவலை தருகிறது. 2025-ல் சேலத்துச் சொத்து வழக்கான பெரியம்மாள் எதிர் ராஜாமணி வழக்கில், 1986-ல் தொடங்கிய வழக்கின் கதையைக் கண்டு மனம் நொந்த உச்ச நீதிமன்ற நீதிபதிகள் பர்திவாலாவும் மகாதேவனும் எல்லா உயர் நீதிமன்றங்களிடமும் கணக்குக் கேட்டார்கள். எல்லா வகை டிக்ரிகளையும் சேர்த்து 8.8 லட்சத்துக்கு மேல் நிறைவேற்று மனுக்கள் நிலுவையில் இருப்பது அப்போது வெளிவந்தது. ஆறு மாதக் கெடு நான்கு ஆண்டாகியும் கெடுவாகவே நின்றது.

கெடு நெருக்கும்போது ஒரு நீதிபதி எதைச் சுருக்குவார்? ஏலத்துக்கு அறிவிப்பு, விலை நிர்ணயம், உறுதிப்படுத்தல் என்று பல படிகள் உண்டு. அவற்றைச் சுருக்க முடியாது. கைது மனுவின் வசதி விசாரணையைச் சுருக்கலாம். இரண்டு சாட்சி, நான்கு வரி உத்தரவு, வாரண்ட். 2021-ன் வேகமும் 1980-ன் பொறுமையும் ஒரே மேஜையில் மோதும்போது தோற்பது பொறுமைதான். ராகுல் ஷா தீர்ப்பு சொத்து வாக்குமூலத்தைக் கேட்கலாம் என்றது, கேட்டே ஆக வேண்டும் என்று சொல்லவில்லை. ஜாலி ஜார்ஜ் விட்ட இடைவெளியை அடைக்கும் வாய்ப்பு மறுபடியும் நழுவியது.

கடனாளி பொய் வாக்குமூலம் கொடுத்துவிடுவாரே என்பார்கள். கொடுப்பார். ஆனால் பொய்யைப் பிடிப்பது 1980-ல் இருந்ததைவிட இன்று எளிது. தமிழ்நாட்டில் வில்லங்கச் சான்றை வீட்டிலிருந்தே பார்த்துவிடலாம். பல வங்கிக் கணக்குகள் பான் எண்ணோடு கட்டுண்டிருக்கின்றன. வண்டி யார் பேரில் என்பது பதிவில் இருக்கிறது. கையெழுத்திட்ட பட்டியலில் இல்லாத மனை ஒன்று வில்லங்கச் சான்றில் வந்துவிட்டால், அதுவே 51-ஆம் பிரிவின் முதல் காரணமான மறைத்தல். அப்போது வாரண்ட் போடுவதற்கு எந்த உடன்படிக்கையும் குறுக்கே நிற்காது. கிருஷ்ணய்யர் கேட்ட கெட்ட எண்ணம் கையெழுத்தோடு கோப்பில் இருக்கும். மனைவி பேரில் கடை என்பவரையும் அந்த முதலீடு எங்கிருந்து வந்தது என்று தாளை வைத்தே கேட்கலாம்.

சட்டத்தின் தொகைகளைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். 58-ஆம் பிரிவின்படி ஐயாயிரம் ரூபாய்க்கு மேற்பட்ட டிக்ரிக்கு மூன்று மாதம் வரை சிறை வைக்கலாம்; இரண்டாயிரத்துக்கு மேல் ஐயாயிரம் வரை ஆறு வாரம். 60-ஆம் பிரிவின்படி சம்பளத்தில் முதல் ஆயிரம் ரூபாயும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கும் ஜப்தியிலிருந்து தப்பும். 2002-ல் நடைமுறைக்கு வந்த இந்த எண்கள் இன்றும் அப்படியே இருக்கின்றன. ஒரு சாதாரண கைப்பேசியின் விலைக்கும் கீழான கடனுக்கு ஒருவரின் மூன்று மாதத்தைப் பறிக்கலாம் என்று சட்டம் அனுமதிப்பதை எந்த வாதத்தாலும் காப்பாற்ற முடியாது. சிறையிலிருந்து வந்த பிறகும் கடன் தீராது என்பதையும் அதே 58-ஆம் பிரிவு சொல்கிறது. அதே டிக்ரிக்கு மறுபடி கைது செய்ய முடியாது என்பது மட்டுமே ஆறுதல்.

ஆகவே என் தீர்ப்பு இது. ஜாலி ஜார்ஜ் வழக்கில் எட்டிய முடிவும் கொள்கையும் சரி. முன்பிருந்த வசதியைப் பற்றி அது தனக்குள்ளேயே முரண்பட்டதும், நிரூபிக்கும் வழியைச் சொல்லாமல் விட்டதும் குறை. இரண்டாவது குறை முதலாவதைவிடப் பெரியது. ஏனென்றால் அதன் விலையை நேர்மையான கடனாளியும் நேர்மையான டிக்ரிதாரரும் சேர்ந்தே கொடுக்கிறார்கள். தொகைகளை மாற்ற நாடாளுமன்றம் வேண்டும். விதி 41-ஐக் கட்டாயமாக்க அதுகூட வேண்டாம். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 122-ஆம் பிரிவு, முதல் அட்டவணையின் விதிகளைத் தன் எல்லைக்குள் திருத்த ஒவ்வோர் உயர் நீதிமன்றத்துக்கும் அதிகாரம் கொடுக்கிறது. கைது கோரும் மனுவுக்கு என்ன காரணம் என்று வாக்குமூலம் கேட்கும் விதி 11ஏ கட்டளை 21-ல் ஏற்கனவே இருக்கிறது. சொத்து வாக்குமூலம் கேட்டு முப்பது நாள் கடந்த பிறகே அந்த மனுவைக் கோப்பில் எடுக்கலாம் என்று அதில் ஒரே ஒரு வாக்கியம் சேர்த்தால் போதும். சென்னை உயர் நீதிமன்றம் நினைத்தால் அடுத்த கோடை விடுமுறைக்கு முன்பே அதைச் செய்துவிடலாம்.